உச்சிமாகாளிக்கு இரண்டு பிறந்தநாள்

ஆவணி 8, வெள்ளி

சொல்வது குருவையா. எழுதுவது தையல்கார மரியபுஷ்பம். அவளுடைய அளவு நோட்டின் பின்பக்கத்திலிருந்து எழுதிக்கொண்டு வருகிறாள். முன்பக்கம் ஊர்ப் பெண்களின் கை நீளமும் கழுத்து இறக்கமும் இருக்கின்றன. என் வாய்ப்பேச்சை அவள் அப்படியே எழுத மாட்டாளாம். "பாக்கிறவங்க சிரிப்பாவ அண்ணாச்சி" என்று புத்தகத் தமிழில் போடுகிறாள். போடட்டும்.

எங்கள் தெருச் சுடலைவடிவின் மகள் உச்சிமாகாளி மேற்கே ஒரு நூல் மில்லுக்கு வேலைக்குப் போய் ஐந்து மாதம் ஆகிறது. மில்லுக்குள்ளேயே விடுதி. வெளியே விட மாட்டார்கள். ஞாயிற்றுக்கிழமை மட்டும் போன், அதுவும் வார்டன் அம்மா பக்கத்தில் நிற்பாள். "நல்லா இருக்கேன்" என்று மூன்று தரம் சொல்லிவிட்டு வைத்துவிடும் பிள்ளை. போன ஞாயிறு சாயங்காலம் நாலு மணிக்குப் பேசியவள், "எம்மா, நம்மூர்ல விடிஞ்சிட்டா?" என்று கேட்டிருக்கிறாள். சுடலைவடிவு அன்றைக்குச் சோறு பொங்கவில்லை. மறுநாள் மரியபுஷ்பம்தான் குழந்தைகள் உதவி எண் 1098-க்குப் போன் போட்டுக் கொடுத்தாள்.

அதன் பேரில் மாவட்டக் குழந்தைகள் பாதுகாப்பு அலுவலகத்திலிருந்து நிலோஃபர் என்கிற பெண் இன்றைக்குப் பேசினாள். நடப்பதை எல்லாம் தேதி போட்டு எழுதி வைக்கச் சொன்னாள். "எனக்கு எழுத்து வராதும்மா, ஆனா எதுவும் மறக்காது" என்றேன். "மறக்காததைத்தான் தாத்தா எழுதச் சொல்றேன்" என்றாள்.

அந்தப் பிள்ளை எப்படி வேலைக்குப் போனாள் என்று மரியபுஷ்பம் கேட்டாள். எல்லாரும் போகிற மாதிரித்தான் போனாள் என்றேன். இன்றைக்கு இவ்வளவு போதும்.

ஆவணி 10, ஞாயிறு

போன் வரவில்லை. சுடலைவடிவு போனைச் சேலை முந்தியில் முடிந்துகொண்டு தண்ணீர் லாரிக்குப் போனாள், அடுப்படிக்குப் போனாள், கோயிலுக்குப் போனாள். நான் கோழியைக் கூடைக்குள் கவிழ்த்துவிட்டுப் படுத்தேன்.

ஆவணி 14, வியாழன்

மில் இருக்கும் மாவட்டத்து அதிகாரிகள் அங்கே போய்ப் பார்த்துவிட்டு வந்துவிட்டார்கள். நிலோஃபர் போனில் சொன்னதை மரியபுஷ்பத்தின் கடையில் வைத்து மூன்று பேரும் கேட்டோம்.

"பிறப்புச் சான்றிதழ் காட்டியிருக்காங்கம்மா. போலி இல்லை, சரிபார்த்தாச்சு. ரெண்டாயிரத்து நாலு டிசம்பர் இருபத்தேழு. ஆதாரும் அதை வச்சுத்தான் எடுத்திருக்கு. பதினெட்டு முடிஞ்சவ, அப்பா சம்மதம் இருக்கு, ஊர்ச் சாட்சியும் இருக்கு. அவளைத் தனியாக் கூட்டிட்டுப் போய்க் கேட்டாங்க. கதவைப் பாத்துக்கிட்டே நல்லா இருக்கேன்னுட்டா. பெரிய பொண்ணு வாயால வரேன்னு சொல்லாம எப்படிக் கூட்டிட்டு வர? பதினெட்டு ஆகலைன்னா கதை வேற. சின்னப் பிள்ளைன்னா அவ சொல்லவே வேண்டாம், நாங்க தூக்கிட்டு வந்துருவோம்."

போனை வைத்ததும் சுடலைவடிவு என்னைப் பார்த்தாள். நான் கை கழுவப் போனேன்.

ஆவணி 15, வெள்ளி

மரியபுஷ்பம் சட்டைக்குக் காஜா எடுத்துக்கொண்டே கணக்குப் போட்டிருக்கிறாள்.

"அண்ணாச்சி, நான் இந்த ஊருக்கு வாக்கப்பட்டு வந்தது ரெண்டாயிரத்துப் பத்து. அப்போ உச்சி இடுப்புல இருந்து இறங்காத பிள்ள. ரெண்டாயிரத்து நாலுல பொறந்திருந்தா அது ஆறு வயசுப் பிள்ளயில்லா? ஆறு வயசுப் பிள்ளய எவளாவது இடுப்புல வைப்பாளா?"

"அளவெடுத்தா பார்த்த?" என்றேன்.

"நான் கண்ணால அளவெடுக்கிறவ. மழுப்பாதீரும்."

முப்பத்தொரு வருஷம் ஊர் ஆரம்ப சுகாதார நிலையத்தில் கூட்டிப் பெருக்கினவன் நான். பிரசவ அறைக்கு வெந்நீர் கொடுத்ததும் நான், ரத்தத் துணி அலசியதும் நான். யார் யாருக்கு எந்த நாளில் என்ன பிள்ளை, எத்தனை மணிக்கு, வெளியே யார் நின்றார்கள், யார் அழுதார்கள் என்பது அத்தனையும் எனக்குத் தெரியும். ஆகவே மழுப்ப முடியவில்லை. சொன்னேன். எழுது என்றும் சொன்னேன்.

சுடலைவடிவுக்குப் பெண் பிள்ளை இரண்டு.

மூத்தது சுனாமி வந்த மறுநாள் பிறந்தது. டாக்டரும் நர்சுகளும் கடற்கரை ஊர்களுக்குப் போய்விட்டார்கள். பயிற்சிக்கு வந்த ஒரு சின்ன நர்சும் நானும்தான். நான் விளக்கைப் பிடித்தேன். காலை ஒன்பதேகாலுக்குப் பிள்ளை அழுதது. இத்தனை சாவுக்கு நடுவில் வந்தவள் என்று சுடலைவடிவின் புருஷன் கருத்தப்பாண்டி குலசாமி பெயரை வைத்தான், உச்சிமாகாளி என்று. அவனே பத்து நாள் நடையாய் நடந்து சான்றிதழ் வாங்கினான். அதைப் பிளாஸ்டிக் பையில் போட்டு எல்லாரிடமும் காட்டினான்.

மூன்று வயது முடிந்து மாசி மாதத்தில், காலமில்லாத காலத்தில் மழை பெய்த வருஷம், அந்தப் பிள்ளைக்குக் காய்ச்சல் கண்டது. தூத்துக்குடிக்குக் கொண்டுபோகச் சொன்னார் டாக்டர். ஓடைப் பாலத்தில் வெள்ளம் போனதால் வண்டி அந்தப் பக்கமே நின்றுவிட்டது. கருத்தப்பாண்டி பிள்ளையைத் தோளில் போட்டுக்கொண்டு தண்ணீரில் இறங்கினான். பாதித் தண்ணீரில் நின்றுவிட்டான். கரையில் நின்ற எனக்குப் புரிந்தது. கண்மாய்க் கரையில் குழி வெட்டியது நான்தான். ஈர மண், லேசாக வந்தது. மூன்று வயதுப் பிள்ளைக்கு எங்கள் ஊரில் யாரும் சாவை எழுதிவைப்பதில்லை.

இளையது அடுத்த வருஷம், இரண்டாயிரத்து ஒன்பதில், பாராளுமன்ற ஓட்டு அன்றைக்குப் பிறந்தது. நர்சம்மா ஓட்டுப் போட்டுவிட்டு வந்து, விரலில் மை காய்வதற்குள் கையுறை மாட்டினாள். பகல் ஒன்றரை மணி. "அவதான் பெரியப்பா திரும்பி வந்திருக்கா" என்றான் கருத்தப்பாண்டி என்னிடம். அதே பெயரை வைத்தான். சான்றிதழ் வாங்கப் போகவில்லை. அவளுக்குத்தான் ஏற்கெனவே இருக்கிறதே என்றான். பிறகு விறகை அடுக்கி மண் மூடிக் கரியாக்கும் கரிமூட்டம் போடக் குடும்பத்தோடு ராமநாதபுரம் பக்கம் ஊர் ஊராகப் போய், சமீபத்தில்தான் திரும்பி வந்தார்கள். பிள்ளை பெயர் எந்தப் பள்ளிக்கூடத்திலும் ஒட்டவில்லை.

மில்லில் இருக்கிறவளுக்குப் பதினாலு வயது. மூத்தவளைப் பற்றி அவளிடம் யாரும் சொன்னதில்லை. கருத்தப்பாண்டி சொல்ல விடமாட்டான்.

மரியபுஷ்பம் காஜா ஊசியை எங்கேயோ குத்தி வைத்துவிட்டுத் தேடிக்கொண்டிருந்தாள்.

ஆவணி 16, சனி

கரிமூட்டத்துக்குப் போய்க் கருத்தப்பாண்டியைப் பார்த்தேன். புகைக்கு நடுவில் நின்றான்.

"ரெண்டு பேருன்னு ஆபீஸ்ல வந்து ஒரு வார்த்தை சொல்லுடே" என்றேன்.

"ரெண்டு பேரா? எனக்கு ஒரு மகதான்."

"குழி வெட்டுன கைடே இது."

"குழி வெட்டுன ஆளு குழியோட மறந்துரணும் பெரியப்பா. மில்லுல மூணு வேளை சாப்பாடு. மூணு வருஷம் முடிஞ்சா கல்யாணத்துக்கு மொத்தமாக் குடுப்பாவ. இங்க வந்து இந்தப் புகையத் திங்கவா?"

"சாயங்காலத்துல விடிஞ்சிட்டான்னு கேக்காடே, உன் மக."

அவன் மூட்டத்தின் மேல் மண்ணை அள்ளிப் போட்டான். புகை கசியும் ஓட்டை இல்லாத இடத்தில் போட்டான். நான் திரும்பி வந்துவிட்டேன்.

ஆவணி 17, ஞாயிறு

போன் வந்தது. "நல்லா இருக்கேன்." இருமல்.

ஆவணி 20, புதன்

நிலோஃபர் நேரிலேயே வந்துவிட்டாள். சின்னப் பெண், ஸ்கூட்டரில் வந்தாள். முகமெல்லாம் புழுதி. மரியபுஷ்பம் நோட்டை வாசித்துக் காட்டினாள். அந்தப் பெண் குறுக்கே பேசாமல் கேட்டாள்.

"தாத்தா, இது நினைப்பு. அங்கே இருக்கிறது காகிதம். நினைப்பை வச்சுக் காகிதத்தை வெல்ல முடியாது."

"இன்னொரு காகிதம் இருக்கும்மா" என்றேன். "ஓட்டு அன்னைக்கு ரெண்டு பிரசவம். காலையில தபால்காரர் வீட்ல ஆம்பிளப் பிள்ள. மத்தியானம் இது. நர்சம்மா ரெண்டையும் ஒரே பக்கத்துல எழுதுனாவ. இது எடை கம்மி, ரெண்டு கிலோ நானூறு. அந்த நோட்டு எங்கேயும் போகல. பழைய மருந்து ரூமுல, சன்னலுக்கு மேல பலகையில ஏத்தி வச்சதே நான்தான். பச்சை அட்டை."

அவள் ஸ்கூட்டர் சாவியை எடுத்துவிட்டாள். எடுத்தவள் நின்று கேட்டாள்: "இன்னொன்னு தாத்தா. பதினெட்டு முடிஞ்சவள்னு உங்க ஊர்லேர்ந்து ஒருத்தர் சாட்சிக்குக் கைநாட்டு வச்சிருக்கார். பேர் தெளிவா இல்லை. யாருன்னு தெரியுமா?"

தெரியாது என்றேன்.

சுகாதார நிலையத்தில் நோட்டு அதே பலகையில் இருந்தது. இப்போது இருக்கும் நர்ஸ் நாற்காலி போட்டு எடுத்துக் கொடுத்தாள். கரையான் ஓரத்தைத் தின்றிருந்தது, எழுத்தைத் தின்னவில்லை. ஓட்டு நாள் தேதி, தாய் பெயர் சுடலைவடிவு, பெண் குழந்தை, இரண்டு கிலோ நானூறு. பிள்ளை பெயர் எழுதும் கட்டம் மட்டும் காலி. நிலோஃபர் போனில் படம் எடுத்தாள். தெளிவாக விழும்வரை மூன்று தரம் எடுத்தாள்.

ஆவணி 21, வியாழன்

நேற்று எழுதியதில் ஒரு வரியை அடிக்கச் சொன்னேன். தெரியாது என்று நான் சொன்ன வரி. மரியபுஷ்பம் அடிக்க மாட்டேன் என்கிறாள்.

"அடிச்சா அடிச்சது தெரியும். கீழ எழுதும்."

எழுதுகிறேன். அந்தக் கைநாட்டு என்னுடையது.

பங்குனியில் என் தங்கச்சி மகன் ராசாமணி வந்தான். மில்லுகளுக்குப் பிள்ளைகளைச் சேர்த்துவிடும் வேலை அவனுக்கு. கருத்தப்பாண்டியும் கூட நின்றான். "மாமா, பெரிய மனுசன் சாட்சி ஒண்ணு வேணும். உச்சிக்குப் பதினெட்டு. சர்ட்டிபிகேட்டைப் பாரும்" என்று நீட்டினான். எனக்கு அதில் என்ன தெரியும்? அரசாங்க முத்திரை தெரிந்தது. அது மூத்தவள் காகிதம் என்பதும் தெரிந்தது. அந்தப் பிளாஸ்டிக் பையை நான் மறப்பேனா?

ஆனாலும் வைத்தேன். எனக்கு ஏமாற்றத் தெரியாது, ஏமாந்தும் போகவில்லை. ஆயுசு முழுக்கக் காகிதத்தின் முன்னால் கையைக் கட்டி நின்றே பழகிவிட்டேன். டாக்டர் எழுதினால் சரி, கிளார்க் எழுதினால் சரி. எனக்குத் தெரிந்ததும் காகிதமும் முட்டிக்கொண்டால் நான்தான் வாயை மூடுவேன். முப்பத்தொரு வருஷம் அப்படித்தான் வேலையில் இருந்தேன். அந்தப் பிள்ளை வாசலில் நின்று, "தாத்தா, மில்லுல டிவி உண்டாம்" என்றாள். சிரித்தாள். அந்தச் சிரிப்புக்கு எதிரே உட்கார்ந்து மை தடவினேன்.

எழுதி முடித்ததும் மரியபுஷ்பம் எழுந்துபோய் எனக்குக் கடுங்காப்பி போட்டுக்கொண்டு வந்தாள். சர்க்கரை கூடுதல். எனக்குச் சர்க்கரை கூடாது என்பது அவளுக்குத் தெரியும்.

ஆவணி 22, வெள்ளி

நிலோஃபரிடம் போனில் சொல்லிவிட்டேன். "இதைக் குழந்தைகள் நலக் கமிட்டி முன்னாடியும் சொல்வீங்களா? போலீஸ் கேஸ் வந்தா உங்களையும் கேப்பாங்க" என்றாள். சொல்வேன் என்றேன்.

ஆவணி 26, செவ்வாய்

மில்லிலிருந்து பிள்ளையை வெளியே கொண்டுவந்துவிட்டார்கள். அவளோடு இன்னும் நாலு பிள்ளைகள், வேறு வேறு ஊர். எல்லாம் வயது சந்தேகம். அந்த ஊரிலேயே ஒரு இல்லத்தில் வைத்திருக்கிறார்கள். குழந்தைகள் நலக் குழு வியாழக்கிழமை விசாரிக்கிறது. அவள் சின்னப் பிள்ளைதான் என்று ருசுவானால் வீட்டுக்கு அனுப்புவார்கள். இல்லையென்றால் மில்லுக்காரர்கள் ராசாமணியோடு வந்து நிற்கிறார்கள், கூட்டிக்கொண்டு போக.

ராசாமணியின் அம்மா, என் கூடப்பிறந்தவள், வாசலில் மண்ணை வாரித் தூற்றிவிட்டுப் போனாள். கோழி பயந்து கூரையில் ஏறிவிட்டது. இறக்க வெகுநேரம் ஆனது.

ஆவணி 28, வியாழன்

இதை பஸ்ஸில் வரும்போது சொல்லி, வீட்டுக்கு வந்து எழுதியது. நீளமாக இருக்கும்.

நானும் சுடலைவடிவும் மரியபுஷ்பமும் முதல் நாளே பஸ் ஏறினோம். பஸ் கிளம்பும் நேரம் கருத்தப்பாண்டி ஓடிவந்து பின்படியில் தொற்றினான். எங்களோடு உட்காரவில்லை. கடைசி சீட்டில் ஏழு மணி நேரம் சன்னலைப் பார்த்துக்கொண்டு வந்தான்.

குழுவில் மூன்று பேர். நடுவில் தலைவர் அம்மா, கண்ணாடி போட்டவர். உச்சிமாகாளி ஒரு ஓரத்தில் நிலோஃபர் பக்கத்தில் நின்றாள். இளைத்திருந்தாள். தலைமயிரில் பஞ்சுத் தூசி இன்னும் இருந்தது. அவள் அம்மாவைப் பார்த்தும் ஓடிவரவில்லை. யாராவது போகச் சொல்வார்கள் என்று நின்றாள். அதைத்தான் என்னால் பார்க்க முடியவில்லை.

பச்சை அட்டை நோட்டை மேஜையில் வைத்தார்கள். அதே பக்கத்தில் எழுதியிருந்த தபால்காரர் மகனின் சான்றிதழையும் வைத்தார்கள், அதே தேதி. தலைவர் அம்மா என்னைக் கேட்டார்:

"இதே தாய்க்கு முன்னாடி ஒரு பெண் பிறந்திருக்குன்னு சொல்றீங்க. அது இறந்ததுக்கு எழுத்து எதுவும் இல்லை. ரெண்டும் உயிரோட இருந்து, இவ மூத்தவளா இருந்தா?"

"நான்தாம்மா புதைச்சேன்."

"நீங்கதான் இவளுக்குப் பதினெட்டுன்னும் கைநாட்டு வச்சிருக்கீங்க."

"ஆமாம்மா. அது பொய். தெரிஞ்சே வச்சேன்."

"அப்ப இன்னைக்குச் சொல்றதை எப்படி நம்புறது?"

என் எழுபத்துநாலு வயதுக்கு நல்ல கேள்வி ஒன்று கேட்டுவிட்டார். ராசாமணி பக்கத்திலிருந்து யாரோ இருமினார்கள். நான் உச்சிமாகாளியைப் பார்த்தேன். அவள் தரையைப் பார்த்தாள்.

அப்போது பின்னால் பெஞ்சு நகர்ந்தது. கருத்தப்பாண்டி எழுந்து நின்றான். தோளில் கிடந்த துண்டை எடுத்து இடுப்பில் கட்டினான். கோயிலில் கட்டுகிற மாதிரி.

"அவரு சொல்லுதது நெசம்" என்றான். "மூத்தவ செத்துப்போச்சு."

பதினைந்து வருஷத்தில் அந்த வார்த்தை அவன் வாயில் வந்து நான் கேட்டதில்லை.

"தண்ணிக்குள்ள நிக்கேன், தோள்ல கனம் மாறுது. கரைக்குப் போனா செத்துப்போச்சுன்னு சொல்லணுமேன்னு அங்கனயே நின்னேன். பெறகும் சொல்லவே இல்ல. இந்தப் பிள்ள பொறக்கவும், அவதான்னு வச்சிக்கிட்டேன். அந்தக் காகிதத்தத் தூரப் போட மனசில்ல, அம்மா. அது ஒண்ணுதான் அவ இருந்ததுக்கு." பிறகு மகள் பக்கம் திரும்பினான். "ஒனக்குப் பதினாலுதான்ளா."

சுடலைவடிவு சேலையை வாயில் வைத்துக்கொண்டாள். தலைவர் அம்மா பேனாவைக் கீழே வைத்தார். அந்த அறையில் அந்தப் பிள்ளைதான் முதலில் பேசினாள்.

"எனக்கு அக்கா இருந்தாளா?"

"இருந்தா."

"அவ பேரு என்ன?"

கருத்தப்பாண்டி அவளையே பார்த்தான். அவளே புரிந்துகொண்டாள். உதடு பிதுங்கியது. அப்போதுதான் அவள் பதினாலு வயதுப் பிள்ளை மாதிரி அழுதாள். சுடலைவடிவு யார் சொல்லுக்கும் காத்திராமல் போய்ச் சேர்த்துப் பிடித்துக்கொண்டாள்.

மத்தியானத்துக்கு மேல் உத்தரவு எழுதினார்கள். வீட்டுக்கு அனுப்பலாம், எங்கள் மாவட்டத்துக் குழு மாதா மாதம் வந்து பார்க்கும், பள்ளியில் சேர்க்க வேண்டும். மில் மீதும் ராசாமணி மீதும் போலீசுக்கு எழுதினார்கள். என்னிடமும் வாக்குமூலம் வாங்கினார்கள். வாசித்துக் காட்டினார்கள். இரண்டாம் தரமும் வாசிக்கச் சொன்னேன். அதற்குப் பிறகுதான் கைநாட்டு வைத்தேன்.

ஆவணி 30, சனி

தூங்குகிறாள். எழுப்ப வேண்டாம் என்கிறாள் சுடலைவடிவு. தெருவில் யார் வீட்டுக் குக்கராவது கூவினால் மில் சங்கு என்று படுக்கையிலிருந்து துள்ளி எழுந்து செருப்பைத் தேடுகிறாளாம். ஆகவே எங்கள் பக்கத்து நாலு வீட்டில் யாரும் குக்கர் வைக்கவில்லை. பானையில் பொங்குகிறார்கள். யாரும் சொல்லிச் செய்யவில்லை.

புரட்டாசி 4, வியாழன்

கருத்தப்பாண்டி மூத்தவள் சாவைப் பதிவு செய்ய மனு கொடுத்தான். காலம் கடந்தது, தாசில்தார் ஆபீஸ், அங்கே இங்கே என்று இரண்டு நாள் அலைந்தான். கூடப் போனேன். திரும்பி வரும் வழியில் கண்மாய்க் கரையில் வண்டியை நிறுத்தச் சொன்னான். இடம் நான்தான் காட்டினேன். கருவை முள் வளர்ந்து கிடந்தது. மகளும் கூட வந்திருந்தாள். அவள் அங்கே நின்று, "அக்கா, இத்தன நாளும் நீயாத்தான் நான் இருந்தேனாம்" என்றாள்.

புரட்டாசி 12, வெள்ளி

இளையவள் சான்றிதழுக்குப் பெயர் எழுத வேண்டும். பிறந்து பதினைந்து வருஷத்துக்குள் பெயர் சேர்த்துக்கொள்ளலாமாம். வருகிற சித்திரை வரை தவணை இருக்கிறது. கிளார்க் கேட்டார், "என்ன பேரு போடணும்?"

கருத்தப்பாண்டி வாயைத் திறந்தான், மூடினான். மகளைப் பார்த்தான்.

"அக்கா பேரு அக்காவுக்கே இருக்கட்டும்" என்றாள் அவள். "எனக்கு யோசிக்கணும்."

"யோசி பாப்பா" என்றார் கிளார்க். "எட்டு மாசம் இருக்கு."

புரட்டாசி 19, வெள்ளி

தெருவே கூத்தாகக் கிடக்கிறது. தினமும் ஒரு பெயரைப் போட்டுப் பார்க்கிறாள். திங்கட்கிழமை யாழினி. செவ்வாய் ரோஸ்லின், அது மரியபுஷ்பத்தின் வேலை. "நம்ம சாமிக்குக் கோவம் வந்துரும்ளா" என்று சுடலைவடிவு சத்தம் போட்டதால் சாயங்காலத்துக்குள் மாறிவிட்டது. புதன் தேன்மொழி. வியாழன் அவளுக்கே மறந்துவிட்டது.

கருத்தப்பாண்டி காலையில் மூட்டத்துக்குப் போகும்முன் அவளிடம் கேட்டுக்கொண்டு போகிறான். சாயங்காலம் தெருமுனையில் நின்றே கூப்பிடுகிறான், கரி பூசிய முகத்தோடு, "ஏ தேன்மொழீ" என்று. சரியான பெயரைச் சொன்னால்தான் தூக்குவாளியை வாங்குவாளாம்.

புரட்டாசி 21, ஞாயிறு

மரியபுஷ்பம் அவளுக்குப் பள்ளிக்கூடச் சட்டைக்கு அளவெடுத்தாள். நோட்டின் முன்பக்கத்தில் மேலே பெயர் எழுதப் பேனாவை வைத்துக்கொண்டு காத்திருந்தாள்.

"இன்னைக்கு என்ன பேருளா?" என்று நான் கேட்டேன்.

அவள் கையை நீட்டிக்கொண்டு நின்றாள், அளவு நாடா தோளிலிருந்து மணிக்கட்டு வரை. யோசித்தாள். கொட்டாவி விட்டாள்.

"இன்னைக்கு ஞாயித்துக்கெழமை தாத்தா. பேருக்கு லீவு."